இரண்டாம் பிரதிவாதி சந்து

ராஜஸ்ரீக்குப் பதினெட்டு முடிந்த நான்காம் நாள் வக்கீல் கிரீஷ் போன் பண்ணினார். "மோளே, கன்கிராஜுலேஷன்ஸ். இனி நீயாக்கும் வாதி" என்றார்.

வாதி என்றால் வழக்குப் போட்டவர் என்று அவளுக்குத் தெரியும். ஆனால் அவள் எந்த வழக்கும் போடவில்லை. வழக்குப் போட்ட அன்றைக்கு அவளுக்கு நாலு வயது. போட்டவர் அப்பா ஸ்ரீநிவாஸ். அவர் போய் இரண்டு வருஷம் ஆகிறது. அம்மா ஸ்மிதாவால் கோர்ட்டுக்கு வர முடியாது. வழக்குக்கு ஒரு ஆள் வேண்டும். மிச்சம் இருந்தது இவள்தான். காலேஜில் முதல் வருஷம் பி.காம் படிக்கிற, வாத்தியார் கேள்வி கேட்டால்கூட வயிற்றைப் பிடித்துக்கொள்கிற பெண்.

மலையாள தேசத்துக் கரமனையில் ஆற்றுக்குப் போகிற அக்ரஹாரத் தெருவில் அவர்கள் வீடு. வீடு என்று சொன்னாலும் அரை வீடுதான். 1938-இல் அண்ணனும் தம்பியும் பாகம் பிரித்தபோது முன்கட்டு அண்ணனுக்கும் பின்கட்டு தம்பிக்கும் போயிற்று. நடுவில் இருந்த கதவை ஆணி அடித்து மூடினார்கள். முன்கட்டுக்குத் தெரு இருந்தது. பின்கட்டுக்காரர்கள் பறந்தா போவார்கள் என்று யாரோ கேட்டிருக்க வேண்டும். பக்கவாட்டில் மூன்றரை அடிக்கு ஒரு சந்து விட்டார்கள்.

இப்போது முன்கட்டில் இருப்பவர் நீலகண்டன் மாமா. பதினாலு வருஷத்துக்கு முன்னால் அவர் அந்தச் சந்தில் தண்ணீர் மோட்டாருக்கு ஒரு ஷெட் கட்டினார். இடுப்புயரம், இரண்டடி அகலம். மிச்சம் ஒன்றரை அடி. ஒல்லியான ஆள் பக்கவாட்டில் திரும்பி, மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டு போகலாம். அப்பா ஒல்லிதான். ஆனாலும் வழக்குப் போட்டார். அன்றைக்கு அது ரோஷ விஷயம்.

இன்றைக்கு அப்படி இல்லை. அம்மாவின் சிறுநீரகம் இரண்டும் கைவிட்டுவிட்டன. செவ்வாயும் வெள்ளியும் டயாலிசிஸ். ஒன்றரை அடியில் சக்கர நாற்காலி போகாது. அதனால் தம்பானூரில் ஆட்டோ ஓட்டுகிற வீரபாண்டி காலை ஆறு மணிக்கு வந்து, அம்மாவைப் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார வைத்து, அவர் முன்னால் பிடிக்க, ராஜஸ்ரீ பின்னால் பிடிக்க, மோட்டார் ஷெட்டுக்கு மேலே தூக்கிக் கடத்துவார்கள்.

"பாப்பா, பிடிச்சிட்டியா? கை வழுக்குதா?"

"இல்லண்ணா."

வழுக்கும். அவளுக்கு மட்டும்தான் அது தெரியும். தை பிறந்தால் வீரபாண்டி ஊருக்கு மொத்தமாகத் திரும்புகிறார், பிள்ளைகள் கூப்பிட்டுவிட்டார்களாம். வேறு ஆட்டோக்காரர்களிடம் கேட்டுப் பார்த்தாயிற்று. ஆட்டோ வரும், ஆள் தூக்க வராது என்றார்கள். தைக்குள் அந்த ஷெட் போக வேண்டும். போகாவிட்டால் என்ன ஆகும் என்பதை அவள் மனதுக்குள்கூட முழு வாக்கியமாகச் சொல்லிப் பார்த்ததில்லை.

வழக்கு ஏன் பதினாலு வருஷம் இழுத்தது என்றால், அதற்குக் காரணம் சந்து.

அப்பா ஆதாரமாகக் கொடுத்த பாகப் பத்திரம் தமிழில் இருந்தது. எட்டாம் சிவில் கோர்ட் அதை மலையாளத்தில் கேட்டது. தமிழ் மொழிபெயர்ப்பாளர் என்று அங்கே ஒரு நாற்காலி உண்டு, ஆள் இல்லை. நாலு வருஷம் கழித்து ஆள் வந்தார். அவருக்கு மலையாளம் நன்றாகத் தெரியும்.

பத்திரத்தில், 'பின்கட்டுக்காரர்கள் சந்து மூலம் தெருவுக்குப் போய் வரவும், மேற்படி சந்துக்கு யாரும் யாதொரு இடைஞ்சலும் செய்யாதிருக்கவும்' என்று இருந்தது. மலையாளத்தில் அப்படிப்பட்ட வழிக்கு வேறு பெயர். சந்து என்பது அங்கே ஓர் ஆண்பிள்ளையின் பெயர். ஆகவே மொழிபெயர்ப்பில், 'பின்கட்டுக்காரர்கள் சந்து என்பவர் மூலம் தெருவுக்குப் போய் வர வேண்டியது. மேற்படி சந்துவுக்கு யாரும் எந்தத் தொந்தரவும் கொடுக்கக் கூடாதது' என்று வந்தது.

இவ்வளவு உரிமையுள்ள ஒரு மனிதரை ஏன் வழக்கில் சேர்க்கவில்லை என்று கோர்ட் அப்பாவைக் கண்டித்தது. முதல் பிரதிவாதி நீலகண்டன். இரண்டாம் பிரதிவாதி சந்து, தகப்பன் பெயர் தெரியாது, வயது தெரியாது. அப்பா அன்றைக்கு வீட்டுக்கு வந்து சிரித்தார். மறுநாள், சந்து ஆள் இல்லை, வழி என்று ஒரு திருத்த மனு கொடுத்தார். அந்த மனு ஆறு வருஷம் இருந்தது. அப்பா அவ்வளவு நாள் இருக்கவில்லை.

இந்த நிலைமையில்தான் மேல்கோர்ட்டிலிருந்து உத்தரவு வந்தது. பத்து வருஷத்துக்கு மேல் கிடக்கிற சிவில் வழக்குகளைக் கீழ்கோர்ட்டுகள் டிசம்பர் முப்பத்தொன்றுக்குள் தீர்த்துவிட வேண்டும். மேலே 'மிக மிக அவசரம்' என்று சிவப்பு முத்திரை. கீழே வந்து சேர ஏழு மாதம் ஆயிற்று. அவசரக் கடிதங்களுக்கென்று தனிப் பதிவேடு இருந்ததும், அதைத் திறக்கும் அதிகாரி லீவில் இருந்ததும் காரணம்.

ராஜஸ்ரீ முதன்முதலாகக் கோர்ட்டுக்குப் போன நாள் நவம்பர் மாதம் மூன்றாம் தேதி. அன்று அவள் வழக்கு பட்டியலில் ஒன்பதாவதாக இருந்தது. அன்று வழக்கு எதுவும் நடக்கவில்லை. 'விரைவு நீதி இயக்கத்தின்' தொடக்க விழாவுக்காக எல்லா வழக்குகளையும் தள்ளி வைத்திருந்தார்கள்.

மேல்கோர்ட்டிலிருந்து ஒரு பெரிய அதிகாரி வந்து குத்துவிளக்கு ஏற்றினார். காற்று அணைத்தது. மறுபடி ஏற்றினார். பிறகு மலையாளத்தில் பேசினார்.

"பிரியப்பட்டவர்களே, ஜனங்கள் கேட்கிறார்கள், கோர்ட்டில் ஏன் தாமதம் என்று. நான் சொல்லட்டுமா? வழக்குக்காரர்கள்தான் காரணம். அவர்கள் வழக்கோடு வருகிறார்கள். வழக்கு வராவிட்டால் தாமதமே இல்லை. போன வருஷம் இந்த ஜில்லாவில் ஆயிரத்து நானூறு சிவில் வழக்குகளைத் தீர்த்தோம். அதில் தொள்ளாயிரம், கட்சிக்காரர்கள் மரித்துப்போய், வாரிசுகள் வராததால் தீர்ந்தவை. சிலர் இதைக் குறையாகச் சொல்கிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. நாம் காத்திருந்தோம். காத்திருப்பதற்கும் ஒரு திறமை வேண்டும். இனி அந்தத் திறமை போதாது. மேல்கோர்ட் தீர்க்கச் சொல்லியிருக்கிறது. சரியாகத் தீர்க்க வேண்டும் என்று உத்தரவில் எங்கேயும் இல்லை, நான் இரண்டு தடவை வாசித்துப் பார்த்தேன்."

கைதட்டினார்கள். ஒரு பித்தளை மணியைத் திறந்து வைத்தார்கள். ஒவ்வொரு வழக்கு தீரும்போதும் பெஞ்ச் கிளார்க் அதை ஒரு தடவை அடிக்க வேண்டும். தீர்ந்த வழக்கு ஒன்றும் அன்று இல்லாததால், மணி வேலை செய்கிறதா என்று பார்க்க மட்டும் அடித்தார்கள். பிறகு எல்லோருக்கும் பழம்பொரியும் சாயாவும்.

"அப்பாவோட திருத்த மனு என்னாச்சு சார்?" என்று ராஜஸ்ரீ வராந்தாவில் கிரீஷிடம் கேட்டாள்.

கிரீஷ் வாயில் இருந்ததை விழுங்கினார். நல்ல மனிதர். அவளோடு பேசும்போது தமிழ் பேசுவதாக நினைத்துக்கொள்வார். "அது தள்ளுபடி ஆயிப்போயி மோளே. திங்களாழ்ச்ச எல்லா இடைமனுவும் சேர்த்து ஒரே உத்தரவில் தள்ளி. எழுநூற்றிப்பன்னிரண்டு. ஒரே நாளில்."

"படிச்சுப் பாத்தாளா?"

"படிச்சா ஒரு நாளில் தள்ள பற்றுமோ?"

"அப்போ நான் புதுசா ஒரு மனு கொடுக்கறேன். சந்துன்னா ஆள் இல்லேன்னு."

கிரீஷ் அவளைத் தூணுக்குப் பின்னால் கூட்டிக்கொண்டு போனார். "மோளே, பதுக்கப் பேசு. இப்ப திருத்தம்னு ஆரு மனு கொடுத்தாலும், ஜட்ஜி வேகத்துக்குத் தடஸம்னு எழுதி, கேஸையே தள்ளும். சந்து ஆளாயிருந்தா கேஸ் இருக்கு. சந்து வழியாயிருந்தா கேஸ் இல்ல. அத்ரே உள்ளூ."

அடுத்த வாரம் சந்துவுக்குச் சம்மன் வந்தது.

கொண்டுவந்தவர் நேசையன். கோர்ட் ஆமீன், சம்மன் கொடுப்பதும் உத்தரவை நிறைவேற்றுவதும் அவர் வேலை. பாறசாலைப் பக்கத்துக்காரர், வீட்டில் தமிழ் பேசுகிறவர். காக்கிப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு சந்தின் வாயில் நின்று, "இங்க சந்துங்கியது ஆரு?" என்று சத்தமாகக் கேட்டார்.

ராஜஸ்ரீ ஷெட்டைத் தாண்டிப் பக்கவாட்டில் வந்து நின்றாள். "மாமா, நீங்க நின்னுண்டிருக்கேளே, அதுதான் சந்து."

நேசையன் குனிந்து தன் காலைப் பார்த்தார். இரண்டு பக்கச் சுவரையும் பார்த்தார். மேலே தெரிந்த ஆகாயத்தையும் பார்த்தார்.

"எனக்கு வெளங்கிட்டு மக்ளே. பேப்பர வாங்கும்போதே ஒரு சம்சயம் உண்டாயிருந்து."

"அப்போ ரிப்போர்ட்ல அதை எழுதுங்கோ மாமா. நீங்க சொன்னா கேப்பா."

"நான் சொன்னாலா?" நேசையன் பையை இறக்கி வைத்தார். "அஞ்சாறு வருஷம் முன்ன எனக்க கூட்டுக்காரன் ஒருத்தன், 'சம்மனில் சொன்ன கட்சிக்காரர் மனுசனல்ல, பிலாமரம்'னு உள்ளத உள்ளபடி எழுதிக் குடுத்தான். ஆமீனுக்கு என்ன அதிகாரம்னு மெமோ குடுத்து, அவனுக்க இன்கிரிமென்ட நிறுத்தினாவ. மரம் இப்பவும் நிக்குது. கேஸும் நிக்குது. அவன்தான் ரிட்டயர் ஆயிட்டான். நமக்கு பேப்பர்ல ரெண்டு பெட்டி உண்டு, இல்லியா. கண்டேன், காணல. நான் ஒண்ணுல டிக் போடணும்."

"எதுல போடப் போறேள்?"

"கண்டேன்லதான். காணலேன்னு கள்ளம் எழுதப்பிடாது."

'நேரில் கண்டும் சம்மனை வாங்கிக்கொள்ளாததால், இரண்டாம் பிரதிவாதி மேல் ஒட்டப்பட்டது' என்று எழுதினார். பசையைத் தடவிச் சம்மனைச் சந்துச் சுவரில் ஒட்டினார். போகும்போது மோட்டார் ஷெட்டில் முட்டி இடித்துக்கொண்டு, "இதல்லவா பிரச்சினை" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். அதற்குப் பெட்டி இல்லை.

விசாரணை டிசம்பர் பதினெட்டு. வழக்குக்கு நாலு நிமிஷம் என்று கணக்கு. நீதிபதியான முன்சிப் தன் மேஜைமேல் மொபைலை நிறுத்திவைத்து டைமர் போட்டுக்கொண்டிருந்தார். கண்ணுக்குக் கீழே கறுத்துப்போன, தூக்கமில்லாத மனிதர். அவர் தலைக்குப் பின்னால், இன்றுவரை தீர்த்தவை, தீர்க்க வேண்டியவை என்று இரண்டு கட்டம் வரைந்த கரும்பலகை. மணி அடித்து அடித்துப் பெஞ்ச் கிளார்க்கின் மணிக்கட்டில் துணி சுற்றியிருந்தது.

ராஜஸ்ரீ கூண்டில் ஏறினாள். சத்தியம் செய்யச் சொன்னார்கள். செய்தாள். கூண்டுக் கம்பியைப் பிடித்தபோது கை ஈரமாக இருந்தது, செவ்வாய்க்கிழமை நாற்காலியைப் பிடிக்கும்போது இருப்பதுபோல.

"சந்துவை அறியுமோ?" என்று முன்சிப் கேட்டார்.

"சார், சந்துன்னு சொன்னா அது ஆள் இல்லே, அது வந்து..."

"குட்டீ." முன்சிப் மொபைலைப் பார்த்தார். "அறியுமோ, அறியில்லயோ? அறியில்லன்னா ஆளில்லாத கேஸ், தள்ளி. அறியும்னா மேலே போகலாம்."

கிரீஷ் கீழிருந்து கண்ணால் கெஞ்சினார். எதிர்ப்பக்க பெஞ்சில் நீலகண்டன் மாமா வேஷ்டியைச் சரிசெய்துகொண்டு இவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அறியும்" என்றாள்.

"எத்ர நாளாயிட்டு?"

"பொறந்ததுலேர்ந்து."

"எங்கே தாமசம்? வீடு எங்கே?"

"மாமாவாத்துச் சொவரை ஒட்டி, நாங்க தெருவுக்குப் போற எடத்துல."

"பகலில் மட்டுமோ?"

"ராத்திரியும் அங்கதான் சார். எங்கேயும் போனதில்லை."

"ஆள் எப்படி?"

ராஜஸ்ரீ யோசித்தாள். பொய் சொல்லக் கூடாது என்று இப்போதுதான் சத்தியம் வாங்கியிருக்கிறார்கள். "ரொம்ப ஒடுக்கம் சார். முன்னே இப்படி இல்லையாம், பதினாலு வருஷமாத்தான் பாதியாப் போயிட்டது. வெயில் படாது. மழை பெஞ்சா நனைஞ்சு கெடக்கும்... கெடப்பார்."

முன்சிப் பேனாவை நிறுத்தினார். "நனைஞ்சு கிடந்தா நீங்க ஆரும் ஒண்ணும் செய்யமாட்டீங்களா?"

"மிதிச்சுண்டு போவோம் சார்."

கோர்ட்டில் ஒரு முணுமுணுப்பு எழுந்தது.

"மிதிச்சா அவர் ஒண்ணும் பறயில்லயோ?"

"இதுவரைக்கும் இல்லை."

"உங்க அப்பனோட எப்படி?"

"அப்பாவைக் கடைசியா வெளில கொண்டுபோனது அவர் வழியாத்தான். அன்னிக்கும் எடம் பத்தலை. ஷெட்டுமேல வச்சு நகத்தினா. பாடை சாஞ்சு, அப்பாவோட கை சொவத்துல ஒரசிண்டே போச்சு. அம்மாவை வாரத்துக்கு ரெண்டு தரம் அதேமாதிரி கொண்டுபோறோம், உயிரோட. எனக்குக் கை வழுக்கும் சார். நான் யார்கிட்டயும் சொன்னதில்லை."

அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது. குரல் நடுங்கவில்லை. முன்சிப் அவளை ஒரு நிமிஷம் முழுதாகப் பார்த்தார். ஏதோ கேட்கப்போகிறார் என்று தோன்றியது. டைமர் அடித்தது. அவர் அதை அணைத்துவிட்டு நீலகண்டன் மாமாவைக் கூப்பிட்டார்.

"சந்துவை அறியுமோ?"

நீலகண்டன் மாமா செக்ரட்டேரியட்டில் முப்பத்தோரு வருஷம் கோப்பு பார்த்தவர். காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்று அவருக்குச் சொல்ல வேண்டியதில்லை. சந்து ஆள் என்றால், அவர் ஷெட் கட்டியிருப்பது வழியில் இல்லை.

"நன்னா அறியும்" என்றார். "நல்ல மனுஷன். ஒரு வம்புதும்புக்கும் போகமாட்டார்."

டிசம்பர் முப்பதாம் தேதி தீர்ப்பு. அன்று மட்டும் நூற்றுப்பதினாறு தீர்ப்புகள். முன்சிப் மூச்சுவிடாமல் வாசித்தார்.

"பாதையில் இருக்கும் தடையை அகற்ற வேண்டும் என்பது வாதியின் கோரிக்கை. மேற்படி பாதையில் இரவும் பகலும் நிரந்தரமாகக் கிடப்பது இரண்டாம் பிரதிவாதி சந்து என்பது, வாதியின் வாக்குமூலத்தாலேயே நிரூபணமாகிறது. இதை முதல் பிரதிவாதியும் ஒத்துக்கொண்டார். சந்துவுக்கு இடைஞ்சல் செய்யக் கூடாது என்று பத்திரம் சொன்னாலும், சம்மன் ஒட்டியும் ஆஜராகாததால் அவர் அந்த உரிமையை இழந்தார். மோட்டார் ஷெட் குறித்து, ஸ்தலத்தைப் பார்த்துவர கோர்ட் அனுப்பிய கமிஷனரின் அறிக்கை ஒன்பது வருஷமாக வராததால் அதைப் பற்றி இந்தக் கோர்ட் அபிப்பிராயம் சொல்லவில்லை. ஆகவே வழக்கு வாதிக்குச் சாதகமாகத் தீர்க்கப்படுகிறது. சந்துவை முப்பது நாளுக்குள் ஒழிப்பிக்க உத்தரவு."

மணி அடித்தது. கிரீஷ் அவள் கையைப் பிடித்துக் குலுக்கினார். "ஜெயிச்சு மோளே."

மலையாளத்தில் ஒழிப்பிக்கல் என்றால் ஆளை இடத்தைவிட்டுக் காலி செய்ய வைப்பது. தமிழில் ஒழிப்பது என்றால் என்ன என்று ராஜஸ்ரீக்கும் தெரியும், நேசையனுக்கும் தெரியும்.

"அப்பீல் போலாமா சார்?"

"போகலாம். பக்ஷே மேல்கோர்ட் வேகம் வேணும்னு சொன்னது கீழ்க்கோர்ட்டுகளை. அப்பீல் கேக்கிறவங்களை ஆரும் ஒண்ணும் சொன்னதில்ல."

பொங்கலுக்கு நாலு நாள் முன்னால், ஒரு வியாழக்கிழமை, நேசையன் இரண்டு கொத்தனாரோடும் ஒரு டெம்போ சிமெண்ட் கல்லோடும் வந்து இறங்கினார். முதலில் பின்கட்டுக்கு வந்து அம்மாவைப் பார்த்துக் கும்பிட்டார். அம்மா கட்டிலில் சாய்ந்தபடியே, "தூத்தம் குடிக்கறேளா?" என்று கேட்டாள். கொடுத்த தண்ணீரைக் குடித்தார்.

"எனக்க மேல வருத்தம் வைக்கப்பிடாது அம்மா" என்றார். பிறகு ராஜஸ்ரீயைப் பார்த்து, "நான் மூணு நாளு ஆலோசிச்சேன் மக்ளே. ஆளா இருந்தா பெட்டி படுக்கைய எடுத்து வெளிய வைக்கலாம். இவன எங்க எடுத்து வைக்க? ஸ்தலத்துல இப்ப சந்து இல்லன்னு எழுதி, ரெண்டு சாட்சிக்க கையொப்பு வாங்கிக் குடுக்கணும். சந்து இல்லாம ஆக்கணும்னா, அடைக்காம வேற எப்பிடி?"

"அம்மாவுக்கு நாளைக்கு டயாலிசிஸ் மாமா."

"அறியும். அதுக்குப் பேப்பர்ல எடம் இல்ல மக்ளே." அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். துடைத்துவிட்டுக் கொத்தனாரிடம், "மட்டம் பாத்து வை. கோணலா இருந்தா திருப்பி அனுப்புவாவ" என்றார்.

பன்னிரண்டு மணிக்குள் சந்தின் தெருவாயிலில் ஏழடிச் சுவர் எழுந்தது. நேசையன் போட்டோ எடுத்துக்கொண்டார்.

சத்தம் கேட்டு வெளியே வந்த நீலகண்டன் மாமா முதலில் திருப்தியாகத்தான் நின்றார். மதியம் குளிக்கப் போனபோதுதான் அவருக்கு உறைத்தது. மோட்டார் ஷெட் சுவருக்கு உள்பக்கம். ஸ்விட்ச் ஷெட்டுக்குள். முன்கட்டிலிருந்து அங்கே போக இருந்த ஒரே வழி, ஒழிக்கப்பட்ட சந்து.

சாயங்காலம் முன்கட்டுக்கும் பின்கட்டுக்கும் நடுவிலிருந்த அந்தப் பழைய கதவில் தட்டுகிற சத்தம் கேட்டது. எண்பத்தைந்து வருஷத்து ஆணிகளை அந்தப் பக்கத்திலிருந்து யாரோ பிடுங்கினார்கள். கதவு அரையடி திறந்தது. நீலகண்டன் மாமாவின் மூக்குத் தெரிந்தது.

"கொழந்தே, அந்த மோட்டாரைச் சித்த போடேன். டாங்க்ல சொட்டு ஜலம் இல்லை."

"போடறேன் மாமா. நாளைக்குக் காத்தால அம்மாவை உங்காத்து வழியா கொண்டுபோகணும்."

அவர் யோசித்தார். "ஒரு தரம்தான். அப்புறம் அதை ஒரு பழக்கமாப் பண்ணிண்டு உரிமைன்னு சொல்லப்படாது."

"இல்லை மாமா."

"எழுதித் தரியோ?"

எழுதிக் கொடுத்தாள். முன்கட்டு வழியாகப் போவது நீலகண்டன் அவர்களின் தயவால் மட்டுமே என்றும், இதனால் எந்தப் பாத்தியதையும் உண்டாகாது என்றும் அவர் சொல்லச் சொல்ல எழுதிக் கையெழுத்துப் போட்டாள். பிறகு பின்பக்கமாகப் போய் மோட்டாரைப் போட்டு, டாங்க் நிறைந்து வழிகிறவரை அங்கேயே நின்றாள்.

வெள்ளிக்கிழமை காலையில் வீரபாண்டி வந்தார். அதுதான் அவருடைய கடைசிச் சவாரி. யாரையும் தூக்க வேண்டியிருக்கவில்லை. சக்கர நாற்காலி நீலகண்டன் மாமாவின் கூடத்தில், மொசைக் தரையில், சத்தமே இல்லாமல் உருண்டது. அம்மா இரண்டு பக்கமும் பார்த்துக்கொண்டே போனாள்.

"பெயின்ட் மாத்தியிருக்கேளா?" என்று கேட்டாள்.

"அதாச்சு பத்து வருஷம்" என்றார் நீலகண்டன் மாமா. வாசல்வரை வந்து, படியில் நாற்காலி இறங்கும்போது ஒரு கைகூடக் கொடுத்தார்.

தெருவுக்கு வந்ததும் வீரபாண்டி, "இம்புட்டுதானா பாப்பா? இதுக்கா இத்தன வருசம் அல்லாடுனோம்?" என்றார்.

சாயங்காலம் ஐந்தரைக்குத் திரும்பி வந்தார்கள். டயாலிசிஸ் முடிந்த நாளில் அம்மாவுக்கு உட்கார முடியாது, குளிரும், நேரே படுக்க வேண்டும். முன்கட்டு வாசல் கதவு சாத்தியிருந்தது. ராஜஸ்ரீ தட்டினாள். கொஞ்ச நேரம் கழித்து ஜன்னல் திறந்தது. கதவு திறக்கவில்லை.

"மாமா வக்கீலாத்துக்குப் போயிருக்கார்" என்றாள் மாமி. "போறதுக்குத்தான் எழுதி வாங்கியிருக்காராம். வரதுக்கு எழுதலையாம். ரெண்டாம் தரம் ஆயிட்டா அது வழக்கமாயிடுமோன்னு கேட்டுண்டு வந்துடறேன், அதுவரைக்கும் திறக்காதேன்னார். நான் என்ன பண்ணட்டும், சொல்லு."

"மாமி, உங்களுக்கு மோட்டார்..."

"டாங்க் நிறைஞ்சிருக்கு. நாலு நாளைக்குக் காணும்."

ஜன்னல் மூடிக்கொண்டது. வீரபாண்டி போய்ச் சுவரைத் தட்டிப் பார்த்தார். ஏறிக் குதித்து உள்ளே போய்விடலாம், அம்மாவை எப்படிக் கொண்டுபோவது என்று ஏழடியையும் அண்ணாந்து பார்த்துவிட்டுத் திரும்பி வந்தார். அவருக்கு ராத்திரி ரயில். அவரும் போகாமல் ஆட்டோ ஓரமாக நின்றார். தெருவில் போனவர்கள் நின்று பார்த்தார்கள். ராஜஸ்ரீ துப்பட்டாவை எடுத்து அம்மாவின் மேல் போர்த்தினாள். அம்மாவின் பல் கிட்டிக்கொண்டிருந்தது.

மொபைல் அதிர்ந்தது. விரைவு நீதி இயக்கத்திலிருந்து ஒரு செய்தி. 'மதிப்புக்குரிய வாதி அவர்களே, உங்கள் வழக்கு உங்களுக்குச் சாதகமாகத் தீர்ந்து, உத்தரவு முழுமையாக நிறைவேற்றப்பட்டது. எங்கள் சேவையில் உங்களுக்கு எவ்வளவு திருப்தி? ஒன்று முதல் ஐந்து வரை ஓர் எண்ணை அழுத்தவும்.'

"யாருடி?" என்று அம்மா கண்ணைத் திறக்காமல் கேட்டாள்.

"கோர்ட்லேர்ந்து. நம்ம கேஸ் முடிஞ்சுடுத்தாம். நாம ஜெயிச்சுட்டோமாம்."

அம்மா கொஞ்சம் நிமிர்ந்து உட்காரப் பார்த்தாள்.

"அப்போ உள்ளே போலாமா?"